விதி மாறிய வரிசை... வழக்குகளில் கரையும் ஆசிரியர் பணிக்காலம்

டெட், வெயிட்டேஜ், ஒன்றிய சீனியாரிட்டி, மாநில சீனியாரிட்டி... வகுப்பறைக்கும் நீதிமன்றத்துக்கும் நடுவே பதினைந்து ஆண்டுகள்

2025 செப்டம்பர் 1, திங்கட்கிழமை. மாலைப் பள்ளி விடுவதற்குள் ஆசிரியர் சங்க வாட்ஸ்அப் குழுக்களுக்கு டெல்லியிலிருந்து அந்தத் தீர்ப்பு வந்து சேர்ந்துவிட்டது. பக்கம் பக்கமாக ஆங்கிலம். முழுவதும் படிக்க யாருக்கும் பொறுமையில்லை. ஆசிரியர் ஓய்வறைகளில் ஒருவரை ஒருவர் கேட்டுக்கொண்டது ஒரே கேள்விதான்: "உங்க டேட் ஆஃப் பர்த் என்ன டீச்சர்?"

காரணம் இருந்தது. ஒன்றாம் வகுப்பு முதல் எட்டாம் வகுப்பு வரை பாடம் நடத்தும் ஆசிரியர்களில், ஓய்வுபெற ஐந்து ஆண்டுகளுக்கு மேல் இருப்பவர்கள் இரண்டு ஆண்டுகளுக்குள் டெட் எனப்படும் ஆசிரியர் தகுதித் தேர்வில் தேற வேண்டும். தேறாவிட்டால் பணியில் நீடிக்க முடியாது. ஐந்து ஆண்டுகளுக்கும் குறைவாக இருப்பவர்கள் தேர்வு எழுதாமலே ஓய்வு வரை பணியாற்றலாம். ஆனால் பதவி உயர்வு கிடையாது. உச்ச நீதிமன்ற நீதிபதிகள் தீபாங்கர் தத்தாவும் அகஸ்டின் ஜார்ஜ் மசியும் அளித்த தீர்ப்பின் சாரம் இது.

கணக்குப் போட்டுப் பார்ப்போம். தமிழ்நாட்டில் அரசு ஊழியருக்கு ஓய்வு வயது 60. அறுபது நிறையும் மாதத்தின் கடைசி நாளில் ஓய்வு. 1970 ஆகஸ்ட் 20-ல் பிறந்த ஆசிரியை 2030 ஆகஸ்ட் 31-ல் ஓய்வுபெறுவார். ஐந்து ஆண்டுக் கோட்டுக்கு இந்தப் பக்கம், தேர்வு வேண்டாம். 1970 செப்டம்பர் 20-ல் பிறந்தவர் செப்டம்பர் 30 வரை பணியில் இருப்பார்; கோட்டுக்கு அந்தப் பக்கம், தேர்வு எழுதியே தீர வேண்டும். இருவரும் ஒரே பள்ளியில், ஒரே ஆண்டில் பணியில் சேர்ந்து, அடுத்தடுத்த வகுப்பறைகளில் பாடம் நடத்திக்கொண்டிருக்கலாம். பிறந்த தேதியில் ஒரு மாத இடைவெளி. ஒருவருக்கு நிம்மதி, இன்னொருவருக்கு 55 வயதில் பயிற்சிப் புத்தகம்.

ஒரு தேதி, அதன் இரு பக்கமும் இரண்டு விதமான வாழ்க்கை. தமிழகத்தின் ஆசிரியர் நியமன வழக்குகளையும் சீனியாரிட்டி வழக்குகளையும் அடுக்கி வைத்துப் பார்த்தால், பெரும்பாலும் கண்ணில் படுவது இதுதான். அந்தத் தேதிகளில் பல, மக்கள் வரிசையில் நிற்கத் தொடங்கிய பிறகு போடப்பட்டவை.

பதிவு மூப்பிலிருந்து மதிப்பெண்ணுக்கு

பின்னணியைச் சுருக்கமாகப் பார்த்துவிடலாம். பி.எட். அல்லது ஆசிரியர் பயிற்சி முடித்ததும் வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிவு. மூன்று ஆண்டுக்கு ஒருமுறை புதுப்பித்தல். பதிவு மூப்பு வரும்போது அழைப்புக் கடிதம். ஒரு தலைமுறைக்கு அரசுப் பள்ளி வேலை என்றால் இந்த வழிதான். பதிவு அட்டையைப் பிளாஸ்டிக் உறையில் போட்டு பீரோவில் வைத்திருந்த குடும்பங்கள் ஆயிரக்கணக்கில் உண்டு.

கல்வி உரிமைச் சட்டம் 2010 ஏப்ரல் 1-ல் நடைமுறைக்கு வந்தது. அதன் 23-ம் பிரிவின்படி தேசிய ஆசிரியர் கல்விக் குழுமம் 2010 ஆகஸ்ட் 23-ல் குறைந்தபட்சத் தகுதிகளை அறிவித்தது. டெட் தேறியிருக்க வேண்டும் என்பது அதில் வந்த புது நிபந்தனை. தேர்ச்சிக்கு 150-க்கு 90 மதிப்பெண், அதாவது 60 சதவிகிதம் தேவைப்பட்டது. 2011 நவம்பர் 15-ல் தமிழக அரசு அரசாணை 181-ஐ வெளியிட்டு, தேர்வு நடத்தும் பொறுப்பை ஆசிரியர் தேர்வு வாரியத்திடம், மக்கள் வாயில் டி.ஆர்.பி.யிடம் கொடுத்தது.

முதல் டெட் 2012 ஜூலையில் நடந்தது. ஆறரை லட்சத்துக்கும் மேற்பட்டோர் எழுதியதில் தேறியவர்கள் 2,448 பேர். 150 கேள்விகளுக்குத் தரப்பட்ட நேரம் ஒன்றரை மணி நேரம்தான். எதிர்ப்புக் கிளம்பியதும் நேரத்தை மூன்று மணியாக்கி அக்டோபரில் மறுதேர்வு நடத்தினார்கள். முதல் ஆண்டிலேயே விதி ஒருமுறை திருத்தப்பட்டுவிட்டது. பின்னால் நடந்தவற்றோடு ஒப்பிட்டால் அது சின்னத் திருத்தம்.

100 எடுத்தவர் பின்னால், 90 எடுத்தவர் முன்னால்

டெட் தேறியவர்களை எந்த வரிசையில் நிறுத்துவது? பதிவு மூப்பா, டெட் மதிப்பெண்ணா? அரசு தேர்ந்தெடுத்தது 'வெயிட்டேஜ்'. 2012 அக்டோபரில் வந்த அரசாணை 252-ன்படி பிளஸ் டூ, பட்டம், பி.எட்., டெட் எல்லாவற்றுக்கும் அடுக்கு முறையில் மதிப்பெண். டெட்டில் 60 சதவிகிதம் எடுத்தவருக்கும் 69 எடுத்தவருக்கும் ஒரே 42. எழுபதைத் தொட்டவருக்கு 48. ஒரு மதிப்பெண் வித்தியாசம் ஆறாக ஊதியது. ஒன்பது மதிப்பெண் வித்தியாசம் காணாமல் போனது. 2014 ஏப்ரலில் சென்னை உயர் நீதிமன்றம் இந்த அடுக்கு முறையை ரத்து செய்தது.

அடுத்த மாதமே அரசாணை 71 வந்தது. அடுக்குகள் போய், நேரடி விகிதம் வந்தது. பட்டதாரி ஆசிரியருக்குப் பிளஸ் டூவுக்கு 10, பட்டப்படிப்புக்கு 15, பி.எட்.டுக்கு 15, டெட்டுக்கு 60. கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. எண்களைப் போட்டுப் பார்த்தால்தான் அதன் வலி தெரியும்.

1980-களின் கடைசியில் பிளஸ் டூ முடித்த ஒருவரை எடுத்துக்கொள்வோம். பிளஸ் டூவில் 60 சதவிகிதம், பட்டத்தில் 55, பி.எட்.டில் 65. அந்தக் காலத்தில் இவை கௌரவமான மதிப்பெண்கள். டெட்டில் அவர் 150-க்கு 100 எடுக்கிறார். அவரது வெயிட்டேஜ்: 6 + 8.25 + 9.75 + 40 = 64. இருபது ஆண்டு கழித்துப் படித்த இன்னொருவர், பிளஸ் டூவில் 88, பட்டத்தில் 78, பி.எட்.டில் 85, டெட்டில் சரியாக 90. அவருக்கு 8.8 + 11.7 + 12.75 + 36 = 69.25. ஒரே கேள்வித்தாளில் பத்து மதிப்பெண் கூடுதலாக வாங்கியவர் ஐந்து புள்ளிக்கு மேல் பின்தங்கி நிற்கிறார். முந்தைய தலைமுறையில் விடைத்தாள் திருத்துபவர்களின் கை இறுக்கமாக இருந்தது என்பதற்கு 45 வயதில் அவர் கொடுத்த விலை இது. ஒரு தேர்வறையில் அருகருகே உட்கார்ந்து எழுதியவர்களை, அவர்கள் எந்தக் காலத்தில் பள்ளி முடித்தார்கள் என்று பார்த்துப் பிரித்த முறை நியாயமாகாது. அன்று தெருவுக்கு வந்தவர்களின் கோபத்தில் பொருள் இருந்தது.

இதற்கிடையில் இன்னொரு அரசாணை. 2014 பிப்ரவரி 3-ல் சட்டமன்றத்தில் முதல்வர் ஜெயலலிதா, இட ஒதுக்கீட்டுப் பிரிவினருக்கும் மாற்றுத்திறனாளிகளுக்கும் டெட் தேர்ச்சி மதிப்பெண்ணில் ஐந்து சதவிகிதத் தளர்வு அறிவித்தார். பிப்ரவரி 6-ல் அரசாணை 25 வந்தது. 90 என்ற எல்லை 82 ஆனது. 2013 ஆகஸ்டில் நடந்து முடிந்த தேர்வுக்கும் அது பொருந்தும் என்றதுதான் வழக்கின் வித்து. தளர்வு தேவையானது, சமூக நீதியில் வேரூன்றிய மாநிலத்தில் அது தேர்வு அறிவிப்பிலேயே இருந்திருக்க வேண்டும். தேர்வு முடிந்து, முடிவு வந்து, சான்றிதழ் சரிபார்ப்பு நடந்துகொண்டிருந்த வேளையில் வந்ததால், 90-க்கு மேல் எடுத்தவர்களும் 82 முதல் 89 வரை எடுத்தவர்களும் ஒருவருக்கொருவர் எதிரிகளைப் போல நீதிமன்றத்தில் நிறுத்தப்பட்டார்கள்.

2014 செப்டம்பரில் நடந்தது விசித்திரம். சென்னையிலுள்ள முதன்மை அமர்வு அரசாணை 25, 71 இரண்டும் செல்லும் என்றது. அதே வாரம் மதுரைக் கிளை அரசாணை 25 செல்லாது என்றது. ஒரே உயர் நீதிமன்றம், ஒரே அரசாணை, இரண்டு தீர்ப்புகள். உச்ச நீதிமன்றம் 2016 நவம்பர் 9-ல் லாவண்யா எதிர் தமிழ்நாடு அரசு வழக்கில் இரண்டு அரசாணைகளையும் உறுதிசெய்தது. தளர்வு கொடுக்க மாநிலத்துக்கு அதிகாரம் உண்டு, வெயிட்டேஜ் அரசின் கொள்கை முடிவு என்பது நீதிமன்றத்தின் நிலைப்பாடு.

வழக்கில் அரசு வென்றது. அந்த வெயிட்டேஜ் முறையின் ஆயுளோ அதன்பின் இரண்டு ஆண்டுகூட இல்லை. 2018 ஜூலை 20-ல் அரசாணை 149 அதைக் கைவிட்டு, டெட் தேறியவர்கள் நியமனத்துக்கு இன்னொரு போட்டித் தேர்வு எழுத வேண்டும் என்றது. 2013-ல் தேறி, வெயிட்டேஜில் பின்தங்கி, தீர்ப்புக்காகக் காத்திருந்தவர்கள் மறுபடி ஒரு வரிசையின் வாலுக்கு அனுப்பப்பட்டார்கள். பட்டதாரி ஆசிரியருக்கான அந்தப் போட்டித் தேர்வு 2024 பிப்ரவரியிலும் இடைநிலை ஆசிரியருக்கானது 2024 ஜூலையிலும்தான் நடந்தது. 2013-ல் டெட் எழுதியபோது ஒன்றாம் வகுப்பில் இருந்த குழந்தை அதற்குள் பள்ளிப் படிப்பின் கடைசிப் படிக்கு வந்துவிட்டது.

பெட்டிச் செய்தி: அரசாணைகளின் பாதை

2010 ஆகஸ்ட் 23: டெட் கட்டாயம், தேசிய ஆசிரியர் கல்விக் குழும அறிவிப்பு.
2011 நவம்பர் 15: அரசாணை 181, தமிழ்நாட்டில் டெட்.
2012 அக்டோபர் 5: அரசாணை 252, அடுக்கு முறை வெயிட்டேஜ்.
2014 பிப்ரவரி 6: அரசாணை 25, ஐந்து சதவிகிதத் தளர்வு.
2014 மே 30: அரசாணை 71, புதிய வெயிட்டேஜ்.
2018 ஜூலை 20: அரசாணை 149, வெயிட்டேஜ் நீக்கம், தனிப் போட்டித் தேர்வு.
2021 ஜூன்: ஏழாண்டுக்கு மட்டுமே செல்லும் என்றிருந்த டெட் சான்றிதழ் ஆயுளுக்கும் செல்லும் என மத்திய அரசு அறிவிப்பு.
2023 டிசம்பர் 21: அரசாணை 243, தொடக்கக் கல்வியில் மாநில அளவிலான முன்னுரிமை.

ஒன்றியமா, மாநிலமா?

வேலை கிடைத்தவுடன் வழக்கு ஓய்ந்துவிடுவதில்லை. அடுத்த மோதல் பேனலில் தொடங்குகிறது.

பேனல் என்பது பதவி உயர்வுக்குத் தகுதியானோர் பட்டியல். அதில் ஒரு பெயர் எந்த இடத்தில் வருகிறது என்பதைப் பணியில் சேர்ந்த தேதி, டி.ஆர்.பி. தரவரிசை எண், பணிவரன்முறை செய்யப்பட்ட நாள், தகுதிகாண் பருவம் முடித்த நாள், தேவையான பட்டம் பெற்ற நாள் என்று பல தகவல்கள் தீர்மானிக்கின்றன. இத்தனையும் பணிப்பதிவேட்டில், அதாவது எஸ்.ஆர். புத்தகத்தில் இருக்க வேண்டும். ஓர் அலுவலகத்தில் பணிவரன்முறை ஆணை மூன்று மாதம் தாமதமாகப் பதிவானால் அந்த ஆசிரியர் பத்துப் பேருக்குக் கீழே போய்விடலாம். பட்டியல் வந்ததும் மேல்முறையீடு; பதில் வராவிட்டால் ரிட்; ரிட்டில் ஸ்டே. கலந்தாய்வுக்காக விடுப்பு எடுத்துக்கொண்டு மாவட்டத் தலைநகருக்கு வந்து நின்ற பிறகு, 'நிர்வாகக் காரணங்களால் ஒத்திவைக்கப்படுகிறது' என்ற செயல்முறைகள் கைக்கு வருவது பல ஆசிரியர்களுக்குப் பழகிப்போன அனுபவம்.

தொடக்கக் கல்வித் துறையில் நீண்ட காலமாக ஊராட்சி ஒன்றியமே சீனியாரிட்டியின் எல்லை. இடைநிலை ஆசிரியர் தொடக்கப் பள்ளித் தலைமையாசிரியராவதும், பட்டதாரி ஆசிரியர் நடுநிலைப் பள்ளித் தலைமையாசிரியராவதும் அந்த எல்லைக்குள்தான். இதனால் 1995-ல் சேர்ந்த ஒருவர் தன் ஒன்றியத்தில் காலியிடம் இல்லாமல் இடைநிலை ஆசிரியராகவே இருக்க, பக்கத்து ஒன்றியத்தில் அவருக்குப் பின் சேர்ந்தவர் தலைமையாசிரியராகிவிடுவது நடக்கும். ஒன்றியம் விட்டு ஒன்றியம் மாறுதல் வாங்கினால் நிலைமை இன்னும் மோசம். புதிய ஒன்றியத்தின் பட்டியலில் கடைசிப் பெயர் அவருடையதாகிவிடும். அதுவரை சேர்த்த சீனியாரிட்டி போச்சு. கல்யாணமாகிக் கணவர் ஊருக்கு மாறுதல் வாங்கிய பெண்கள்தான் இதில் அதிகம் அடிபட்டார்கள்.

2023 டிசம்பரில் வந்த அரசாணை 243 இந்த எல்லையை மாநில அளவுக்கு விரித்தது. பணியில் சேர்ந்த தேதியை வைத்து ஒரே பட்டியல் வந்தால் பழைய இழப்பு நீங்கும் என்று வரவேற்றவர்கள் உண்டு. டிட்டோஜாக் எனப்படும் தொடக்கக் கல்வி ஆசிரியர் கூட்டமைப்பிலுள்ள சங்கங்களோ உடனடியாகப் போராட்டத்தில் இறங்கின. அவர்கள் சொன்ன காரணமும் பெண்கள்தான்: தொடக்கப் பள்ளிகளில் பெரும்பாலும் பெண் ஆசிரியர்களே இருக்கிறார்கள். மாநிலப் பட்டியலில் பதவி உயர்வு வரும்போது காலியிடம் வேறு மாவட்டத்தில் இருந்தால், வயதான மாமனார் மாமியாரையும் பத்தாம் வகுப்புப் படிக்கும் பிள்ளையையும் விட்டுவிட்டு எப்படிப் போவது? 'வேண்டாம்' என்று எழுதிக் கொடுத்தால் பதவி உயர்வு போகும்.

இரண்டு வாதங்களும் உண்மை. ஒன்றிய முறையில் இடம் மாறிய பெண் இழந்தார். மாநில முறையில் இடம் மாற முடியாத பெண் இழக்கிறார். வருவாய் மாவட்டத்தை அலகாக வைத்து, மாறுதலில் வந்தவருக்கு முந்தைய பணிக்காலத்தில் ஒரு பங்கையாவது கணக்கில் கொள்ளும் நடுவழி ஒன்றைப் பேசி முடிவெடுத்திருக்க முடியும். அந்தப் பேச்சு அரசாணைக்கு முன்னால் நடந்திருக்க வேண்டும். நடந்தது பின்னால்; முற்றுகை, மறியல், கைது என்ற வடிவில்.

தேதிக்கோடு சம்பளத்தையும் விட்டுவைக்கவில்லை. 2009 மே 31 வரை பணியில் சேர்ந்த இடைநிலை ஆசிரியருக்கு அடிப்படை ஊதியம் 8,370 ரூபாய். ஜூன் 1 முதல் சேர்ந்தவருக்கு 5,200. ஒரே தகுதி, ஒரே வகுப்பு, ஒரே பாடப்புத்தகம். ஒரு நாளில் 3,170 ரூபாய் வித்தியாசம். அதற்கு மேல் அகவிலைப்படி ஏறும்போது இடைவெளியும் ஏறியது. 'சம வேலைக்குச் சம ஊதியம்' என்று அவர்கள் கல்வித் துறைத் தலைமையகமான நுங்கம்பாக்கம் டி.பி.ஐ. வளாகத்தில் குடும்பத்தோடு உண்ணாவிரதம் இருந்ததன் பின்னணி இதுதான்.

பதவி உயர்வுக்கும் டெட்

பழைய ஆசிரியர்களுக்கு டெட் வேண்டுமா என்ற கேள்வி வேறொரு வாசல் வழியாக நுழைந்தது. புதிதாக வேலைக்கு வருபவருக்கு டெட் வேண்டும் என்றால், பதவி உயர்வில் பட்டதாரி ஆசிரியர் பணியிடத்துக்கு வருபவருக்கும் வேண்டாமா? 2014 நவம்பரில் தேசிய ஆசிரியர் கல்விக் குழுமம் வெளியிட்ட விதிமுறைகள் பதவி உயர்வுக்கும் உரிய குறைந்தபட்சத் தகுதி வேண்டும் என்றன. தமிழகத்தில் டெட் தேறிய ஜூனியர்கள், டெட் இல்லாத சீனியர்களைப் பேனலில் முன்னால் வைப்பதை எதிர்த்து வழக்குப் போட்டார்கள்.

2023 ஜூன் 2-ல் சென்னை உயர் நீதிமன்றத்தின் டிவிஷன் பெஞ்ச் ஒரு கோடு போட்டது: 2011 ஜூலை 29-க்கு முன் நியமனம் பெற்றவர்கள் டெட் இல்லாமலே பணியில் தொடரலாம், ஆனால் பட்டதாரி ஆசிரியராகப் பதவி உயர்வு பெற டெட் கட்டாயம். சீனியருக்கு வேலை பத்திரம், ஜூனியருக்கு வாய்ப்பு. மேல்முறையீடு உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. தொடக்கக் கல்வியில் பதவி உயர்வுகள் தேங்கின. அங்கே மகாராஷ்டிர சிறுபான்மைப் பள்ளிகளின் வழக்கோடு சேர்த்து விசாரிக்கப்பட்டு, 2025 செப்டம்பரில் அந்தப் பாதுகாப்பும் போனது. பதவி உயர்வு கேட்டுப் போன வழக்கு, வேலையே நிலைக்குமா என்ற கேள்வியோடு திரும்பி வந்தது.

நீதிமன்றத்தின் பார்வையிலும் நியாயம் உண்டு. 2017-ல் கல்வி உரிமைச் சட்டத்தில் செய்த திருத்தம், 2015 மார்ச் 31 வரை பணியில் இருந்த தகுதியற்ற ஆசிரியர்களுக்கு நான்கு ஆண்டு அவகாசம் தந்தது. அந்த அவகாசம் 2019 மார்ச்சிலேயே முடிந்துவிட்டது. அதன் பிறகும் மாநிலங்கள் சும்மா இருந்தன. தன் ஆசிரியர்களிடம் 'இது உங்களுக்கும் பொருந்தலாம், தயாராகுங்கள்' என்று ஓர் அரசு சொல்லியிருக்க வேண்டிய ஆண்டுகள் அவை. யாரும் சொல்லவில்லை.

இப்போது அந்த ஆசிரியர்கள் உட்கார வேண்டிய தேர்வைப் பாருங்கள். ஆறு முதல் எட்டாம் வகுப்புக்கான இரண்டாம் தாளில் 150 கேள்விகள். குழந்தை உளவியல் 30, தமிழ் 30, ஆங்கிலம் 30. மீதி 60 கணிதம்-அறிவியல் அல்லது சமூக அறிவியல். இருபத்தைந்து ஆண்டுகளாகத் தமிழ்ப் பாடம் நடத்தும் பட்டதாரி ஆசிரியை, தன் பாடத்தில் 30 கேள்விகளுக்கும் தான் ஒருநாளும் நடத்தாத பாடத்தில் 60 கேள்விகளுக்கும் பதில் எழுத வேண்டும். அவர் நல்ல ஆசிரியரா என்பதை இந்தத் தாள் எப்படி அளக்கும்? புதிதாக வருபவரை வடிகட்ட வகுத்த தேர்வை, கால் நூற்றாண்டு கற்பித்தவர் முன் அப்படியே வைப்பது அந்த உழைப்புக்குச் செய்யும் அவமரியாதை.

தமிழக அரசு சீராய்வு மனு தாக்கல் செய்தது. பணியிலிருக்கும் ஆசிரியர்களுக்கென்றே 2026-ல் சிறப்பு டெட் தேர்வுகள் நடத்துவதாகவும் அறிவித்தது. சிறுபான்மைப் பள்ளிகளுக்குக் கல்வி உரிமைச் சட்டம் பொருந்தாது என்ற 2014-ம் ஆண்டின் பிரமதி தீர்ப்பு சரிதானா என்ற கேள்வியைப் பெரிய அமர்வு ஆராய வேண்டுமா என்று முடிவெடுக்க உச்ச நீதிமன்றம் தலைமை நீதிபதிக்கு அனுப்பியது. சிறுபான்மை உதவிபெறும் பள்ளிகளின் ஆசிரியர்கள் அந்த முடிவுக்காகக் காத்திருக்கிறார்கள்.

பெட்டிச் செய்தி: ஆசிரியர் வழக்குகளில் அடிக்கடி வரும் தீர்ப்புகள்

தேர்வுப் பட்டியலில் பெயர் இருப்பதாலேயே நியமனம் உரிமையாகிவிடாது. ஆனால் அரசு தன்னிச்சையாகக் காலியிடத்தை விட்டுவைக்கவும் கூடாது (சங்கர்சன் தாஷ் வழக்கு, 1991).

விதிப்படி நியமிக்கப்பட்டால் சீனியாரிட்டி நியமன நாளிலிருந்து எண்ணப்படும். விதிக்குப் புறம்பான தற்காலிகப் பணிக்காலம் சேராது (மகாராஷ்டிர நேரடி நியமனப் பொறியாளர்கள் வழக்கு, 1990).

இட ஒதுக்கீட்டுச் சுழற்சி எண் நியமனத்துக்குத்தான். சீனியாரிட்டியைத் தீர்மானிப்பது தேர்வில் பெற்ற தரவரிசை (பிம்லேஷ் தன்வார் வழக்கு, 2003).

ஆள்தேர்வு தொடங்கிய பிறகு தகுதி விதிகளை நடுவில் மாற்றக் கூடாது. ஏற்கெனவே உள்ள விதிகளில் அதற்கு இடமிருந்தால் மட்டுமே விலக்கு (தேஜ் பிரகாஷ் பதக் வழக்கு, ஐவர் அமர்வு, 2024 நவம்பர் 7).

யாரும் வாதாடாத தரப்பு

இந்த வழக்குகளின் மனுக்களில் குழந்தைகளின் பெயர் இருப்பதில்லை. பாதிப்பில் பெரும் பங்கு அவர்களுடையது.

கல்வி உரிமைச் சட்டத்தின் 26-ம் பிரிவு, எந்தப் பள்ளியிலும் ஆசிரியர் காலியிடம் அனுமதிக்கப்பட்ட பணியிடங்களில் பத்து சதவிகிதத்தைத் தாண்டக் கூடாது என்கிறது. தொடக்கப் பள்ளியில் 60 குழந்தைகள் வரை குறைந்தது இரண்டு ஆசிரியர்கள் வேண்டும். இரண்டே பேர் இருக்கும் பள்ளியில் ஒருவர் ஓய்வுபெற்று, நியமனமும் பதவி உயர்வும் வழக்கில் நின்றால், அந்தப் பள்ளியின் காலியிடம் 50 சதவிகிதம். ஐந்து வகுப்புகளும் ஓர் ஆசிரியரிடம். அவரே பொறுப்புத் தலைமையாசிரியர். கல்வித் துறையின் எமிஸ் இணையதளத்தில் வருகைப் பதிவு, காலை உணவுத் திட்டம், வட்டார வள மையத்தில் கூட்டம் எல்லாம் அவர் தலையில். அவர் கூட்டத்துக்குப் போகும் நாளில், பக்கத்துப் பள்ளி ஆசிரியர் ஒருவர் மாற்றுப் பணியில் வந்து கதவைத் திறந்து வைப்பார்.

2022 ஜூனில் இந்த ஓட்டையை அடைக்க அரசு ஒரு வழி பார்த்தது. பள்ளி மேலாண்மைக் குழுக்கள் மூலம் 13,331 தற்காலிக ஆசிரியர்கள். மாதம் இடைநிலைக்கு 7,500, பட்டதாரிக்கு 10,000, முதுகலைக்கு 12,000 ரூபாய். டெட் தேறியவர்கள் வரிசையில் இருக்கும்போது வேறு வழியில் ஆள் எடுப்பது எப்படி என்று உடனே வழக்கு, மதுரைக் கிளையில் இடைக்காலத் தடை, திருத்திய வழிகாட்டுதல்கள். தற்காலிகத் தீர்வும் நீதிமன்றப் படியேறிய பிறகே வகுப்பறைக்குள் நுழைந்தது.

பெரிய ஊர்களில் பெற்றோருக்குத் தனியார் பள்ளி என்ற வழி இருக்கிறது. மலைக் கிராமத்திலும் கடற்கரைக் குப்பத்திலும் அது இல்லை. வழக்கு நடக்கும் மூன்று ஆண்டுகள் அங்கே ஒரு குழந்தையின் மூன்றாம் வகுப்பும் நான்காம் வகுப்பும் ஐந்தாம் வகுப்பும்.

வென்றவர் கையில் என்ன?

வழக்கில் ஜெயித்த ஆசிரியரின் கணக்கையும் பார்க்க வேண்டும். பத்து ஆண்டு கழித்து 'மனுதாரரின் பெயரை உரிய இடத்தில் சேர்க்க வேண்டும்' என்று உத்தரவு வருகிறது. கிடைப்பது பெரும்பாலும் கருத்தியலான பதவி உயர்வு, அலுவலக வழக்கில் 'நோஷனல்'. பின்தேதியிட்டுப் பதவி உண்டு. அந்த ஆண்டுகளுக்கான சம்பள நிலுவை பெரும்பாலும் கிடையாது. உத்தரவை நிறைவேற்றவே அவமதிப்பு மனு போட வேண்டிவரும். இதற்குள் அவர் ஓய்வுபெற்றிருந்தால், தலைமையாசிரியர் நாற்காலியில் ஒருநாளும் உட்காராமல் தலைமையாசிரியருக்கான ஓய்வூதியம் மட்டும் வாங்குவார்.

வேலைக்கே காத்திருந்தவரின் இழப்பு இன்னும் ஆழமானது. 2020 ஜனவரியில் ஆசிரியர் நியமனத்துக்கு வயது உச்சவரம்பைப் பொதுப்பிரிவுக்கு 40, மற்றவர்களுக்கு 45 என்று அரசு சுருக்கியது. அதுவரை ஐம்பதைத் தாண்டியவரும் விண்ணப்பிக்க முடிந்தது. 2013-ல் டெட் தேறிவிட்டுக் காத்திருந்தவர்கள் ஒரே அரசாணையில் வரிசைக்கு வெளியே தள்ளப்பட்டார்கள். எதிர்ப்புக்குப் பின் 2021-ல் ஐந்து ஆண்டு தளர்வு. 2023-ல் வரம்பு 53, 58 என்று உயர்ந்தது. இடைப்பட்ட காலத்தில் தனியார் பள்ளியில் அரைச் சம்பளத்துக்கும், ஜவுளிக் கடைக் கணக்கு வேலைக்கும் போனவர்களுக்கு அந்த ஆண்டுகள் திரும்பவில்லை. 52 வயதில் நியமனம் பெறுபவருக்கு எட்டு ஆண்டுப் பணிதான் மிச்சம். 2003 ஏப்ரல் 1 முதல் சேர்ந்தவர்கள் பங்களிப்பு ஓய்வூதியத்துக்குள் கொண்டுவரப்பட்டதால், எட்டு ஆண்டில் சேரும் தொகையை வைத்து முதுமையை ஓட்டுவதை அவரே யோசித்துக்கொள்ள வேண்டியிருந்தது.

பெட்டிச் செய்தி: வங்கத்தில் ஒரே நாளில் 25,753 பேர்

மேற்கு வங்கத்தில் 2016-ம் ஆண்டின் ஆள்தேர்வு மூலம் நியமிக்கப்பட்ட 25,753 ஆசிரியர்கள், அலுவலர்களின் நியமனத்தை 2025 ஏப்ரல் 3-ல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. விடைத்தாள் மதிப்பெண் மோசடி, தரவரிசையைத் தாண்டிய நியமனம் என்று ஆள்தேர்வு முழுவதும் கறைபட்டுவிட்டது என்பது நீதிமன்றத்தின் முடிவு. கல்வி அமைச்சராக இருந்த பார்த்தா சாட்டர்ஜி 2022-ல் கைதானார். அப்போது இணையமைச்சராக இருந்த பரேஷ் அதிகாரியின் மகளுக்குக் கிடைத்த வேலையைக் கல்கத்தா உயர் நீதிமன்றம் பறித்து, வழக்குத் தொடுத்த பெண்ணுக்குக் கொடுத்தது. பிறகு வழக்குத் தொடுத்தவரின் மதிப்பெண் கணக்கிலும் தவறு தெரியவந்து, வேலை மூன்றாவதாக ஒருவருக்குப் போனது. நேர்மையாகத் தேறியவர்களும் எல்லோரோடும் சேர்ந்து வேலை இழந்தார்கள்.

ஜனவரி முதல் தேதியில் ஒரு பட்டியல்

தமிழ்நாட்டின் வழக்குகளில் பெரும்பாலானவை வங்கத்தைப் போல ஊழலில் பிறந்தவை அல்ல. நேரத்தில் எழுதப்படாத விதிகளில் பிறந்தவை. அதனால் இவற்றைத் தடுப்பதும் அரசின் கையில்தான் இருக்கிறது. ஆள்தேர்வு அறிவிப்பில் தளர்வும் வெயிட்டேஜும் வயது வரம்பும் முழுமையாக இருக்க வேண்டும். தேர்வு முடிந்த பிறகு ஒரு வரி மாறக் கூடாது. பதக் வழக்கின் தீர்ப்புக்குப் பிறகு இது சட்டக் கடமையும்கூட.

சீனியாரிட்டிக்கு வழி அதைவிட எளிது. ஒவ்வோர் ஆண்டும் ஜனவரி 1 நிலவரப்படி முன்னுரிமைப் பட்டியலை, ஒவ்வொரு பெயருக்கும் நேராக அடிப்படைத் தேதிகளோடு, எமிஸ் தளத்தில் எல்லோரும் பார்க்கும்படி வைக்க வேண்டும். ஆட்சேபம் சொல்ல ஒரு மாதம், பதில் சொல்ல ஒரு மாதம். பணிப்பதிவேட்டில் விடுபட்ட ஒரு தேதிக்காக ஓர் ஆசிரியர் வழக்கறிஞரைத் தேடிப் போக வேண்டியதில்லை.

இவ்வழக்குகளை விசாரிக்கத் தனி இடம் ஒன்றும் வேண்டும். அரசு ஊழியர் வழக்குகளுக்கென்று 1988-ல் அமைக்கப்பட்ட தமிழ்நாடு நிர்வாகத் தீர்ப்பாயம் பின்னர் கலைக்கப்பட்டது. அது முதல் எல்லாச் சர்வீஸ் வழக்குகளும் நேராக உயர் நீதிமன்றத்துக்கே போகின்றன. கல்வித் துறைக்கு மட்டுமாவது, கெடு வைத்து முடிவு சொல்லும் குறைதீர் அமைப்பு ஒன்று இருந்தால், பாதி மனுக்கள் மதுரைக்கும் சென்னைக்கும் பயணப்படாது.

அவசரமான வேலை ஒன்று காத்திருக்கிறது. உச்ச நீதிமன்றம் கொடுத்த இரண்டு ஆண்டு 2027 செப்டம்பர் 1-ல் முடிகிறது. சீராய்வு மனுவின் முடிவு எப்படி வந்தாலும், அதுவரை சும்மா இருப்பது 2019-ல் செய்த தவறையே திரும்பச் செய்வதாகும். வார இறுதிகளில் வட்டார வள மையங்களில் அரசே இலவசப் பயிற்சி நடத்தலாம். தமிழ், ஆங்கில ஆசிரியர்களுக்கு அவர்கள் பாடத்திலேயே 60 கேள்விகள் அமையும் வகையில் இரண்டாம் தாளை மாற்றித் தரும்படி தேசிய ஆசிரியர் கல்விக் குழுமத்திடம் எழுத்துப்பூர்வமாகக் கேட்கலாம். படிக்க விடுப்பு தரலாம். அந்த நாள்களில் வகுப்பைப் பார்த்துக்கொள்ள, 2024 தேர்வில் தேறிக் காத்திருப்போரிலிருந்து ஆள் எடுக்கலாம். காலியிடமும் இருக்கிறது, தேறியவர்களும் இருக்கிறார்கள். இடையில் தேவைப்படுவது, நடுவில் மாற்றப்படாத ஓர் அரசாணை.